ஐந்தாவது கதவு

வீட்டிலிருந்து,
செவ்வாய்க்கிழமை, முற்பகல்.

பெருமதிப்பிற்குரிய மைத்துனர் அவர்களுக்கு,

வணக்கம். இங்கு நான், தங்கள் தங்கை, தங்கள் மருமகள் மூவரும் நலம். வண்டியும் நலம். தாங்களும் தங்கள் துணைவியாராகிய சகோதரியாரும் அவ்வாறே இருப்பீர்கள் என்று நம்புகிறேன். வண்டியின் நலத்தை யாரும் கடிதத்தில் எழுதுவதில்லை என்பது எனக்குத் தெரியும். ஆனால் இந்தக் கடிதமே அந்த ஒரு செய்திக்காகத்தான். வண்டி நலம். அது ஒரே வண்டியாக இருக்கிறது. கடைசி வாக்கியம் தங்களுக்கு விளங்காது. விளங்க வேண்டுமானால், கடந்த ஒன்பது நாட்களாகத் தங்களைப் பற்றி நான் மனத்துக்குள் என்ன நினைத்துக்கொண்டிருந்தேன் என்பதைச் சொல்லியாக வேண்டும். சொன்னால் மன்னிப்பீர்களா என்று தெரியவில்லை. சொல்லாவிட்டால் எனக்குச் சாப்பாடு இறங்காது. "போன்ல சொல்லித் தொலைங்களேன்" என்றாள் தங்கள் தங்கை. அந்தப் பக்கம் தாங்கள் "சொல்லுங்க மாப்ளே" என்று ஒரு குரல் கொடுத்ததும், சொல்ல வந்தது என் தொண்டையிலேயே உட்கார்ந்துகொள்ளும் என்பது முப்பத்துநான்கு வருட அனுபவம். ஆகவே கடிதம்.

வண்டி எங்களிடம் வந்த நாள் தங்களுக்கு நினைவிருக்கும். தாங்கள் புதிதாக வாங்கிய வண்டியைத் தாங்களும், தங்களுடைய பழைய வண்டியைச் சகோதரியாரும் ஓட்டிக்கொண்டு வந்தீர்கள். புதிது என்றால் தங்களுக்குப் புதிது. அதுவும் யாரோ ஓட்டியதுதான், அதே கம்பெனிதான். இரண்டும் எங்கள் வாசலில் ஒன்றன்பின் ஒன்றாக நின்றன. பழையதன் சாவியைத் தங்கள் மருமகளான என் மகள் கையில் கொடுத்து, "கல்லு மாதிரி வண்டிம்மா. உங்கப்பா மாதிரி இல்ல, ஒரே தட்டுல கிளம்பிடும்" என்றீர்கள். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நாற்பது கிலோமீட்டர் தள்ளியிருக்கும் ஆஸ்பத்திரியில், ரத்தப் பரிசோதனைக் கூடத்தில், வாரம் மூன்று நாள் தற்காலிக வேலைக்குப் போய்வரும் பெண்ணுக்கு அதைவிடப் பெரிய உதவியை யாரும் செய்திருக்க முடியாது. இதை அன்றே சொல்ல நினைத்தேன். தாங்கள் கிளம்பிய பிறகுதான் வார்த்தை வந்தது.

மூன்று வாரங்களுக்கு முன் அவள் வண்டியைப் பின்னால் எடுத்து வெளியே போகும்போது, நான் கேட்டருகே நின்று வழிகாட்டினேன். "வரலாம், வரலாம், வரலாம்" என்று சரியாகத்தான் சொன்னேன். "நிறுத்து" என்பதையும் உரிய நேரத்தில் சொன்னேன். ஆனால் முப்பத்தெட்டு வருடம் நூலகத்தில் புத்தக அட்டவணை எழுதியவனுடைய குரல் எப்படி இருக்கும் என்று தங்களுக்குத் தெரியும். நான் சொன்னது எனக்கே சரியாகக் கேட்கவில்லை. வலப்பக்கக் கண்ணாடி வாசல் தூணில் உரசி நொறுங்கிவிட்டது. "அப்பா, நிறுத்துன்னு ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?" என்றாள். சொன்னேன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. நானே புதுக் கண்ணாடி வாங்கித் தருகிறேன் என்று மட்டும் சொன்னேன்.

உதிரிபாகக் கடையில் கல்லாவுக்கு அந்தப் பக்கம் ஓர் அம்மையார் இருக்கிறார். கழுத்தில் கயிறு கட்டித் தொங்கும் மூக்குக் கண்ணாடி, முன்னால் கனமான புத்தகங்கள். பார்த்ததும் எனக்கு மரியாதை வந்துவிட்டது. "மாடல் கோடு சொல்லுங்க" என்றார். சாம்பல் நிறம் என்றேன். "கலர் கேக்கல சார்." வண்டியின் பெயரைச் சொன்னேன். "அந்தப் பேர்ல பதினாறு விதமா வண்டி விட்டிருக்கான். பேரெல்லாம் விளம்பரத்துக்கு சார். கோடு இல்லாம ஒரு திருகாணிகூட எடுத்துத் தர மாட்டேன். தப்பாப் போச்சுன்னா திருப்பி எடுத்துட்டு எங்கிட்டத்தான் வருவீங்க" என்றார். நூலகத்துக்கு வந்து "அந்தச் சிவப்பு அட்டைப் புத்தகம்" என்று கேட்டவர்களை நானும் இப்படித்தான் பார்த்திருக்கிறேன். வீட்டுக்கு வந்து, வண்டியின் முன்சீட்டுக்கு எதிரே உள்ள சின்ன டிராயரைத் திறந்தேன். கம்பெனியின் கையேடு இருந்தது. அதன் முதல் பக்கத்தில், ஒட்டிய சீட்டில், குறியீடு தெளிவாக அச்சிட்டிருந்தது. ஒரு அட்டையில் எழுதிக்கொண்டு, மூன்று முறை ஒப்பிட்டுச் சரிபார்த்தேன். ஓர் எழுத்துப் பிழை இல்லை. அந்த ஒரு செயலை நினைத்துத்தான் இன்று எனக்கு வெட்கமாக இருக்கிறது. அதைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

கண்ணாடி நான்கு நாளில் வந்தது. வண்டியில் பொருத்திப் பார்த்தால் ஒரு கட்டைவிரல் அகலம் போதவில்லை. திருப்பி எடுத்துக்கொண்டு போனேன். அம்மையார் என் அட்டையைப் பார்த்தார், கண்ணாடியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "கோடு சரியா?" சரி என்றேன். "கண்ணாடியும் சரி. அப்ப உங்க வண்டிதான் சார் சரியில்ல" என்றார். பிறகு என் முகம் போன போக்கைப் பார்த்து இரக்கப்பட்டோ என்னவோ, குறியீடுகளுக்குப் பொருள் சொல்லும் பட்டியலை நான்கு பக்கம் நகலெடுத்துக் கொடுத்தார். "நீங்களே உக்காந்து பிரிச்சுப் பாருங்க. உங்களைப் பாத்தா பிரிக்கிறவர் மாதிரிதான் தெரியுது."

தங்களிடம் மறைப்பானேன், அன்று மாலை நான் மகிழ்ச்சியாகவே இருந்தேன். சாப்பாட்டு மேசையைத் துடைத்துவிட்டு அட்டைகளைப் பரப்பி உட்கார்ந்தேன். ஓய்வு பெற்றுப் பதினோரு வருடத்தில் இப்படி ஒரு வேலை எனக்குக் கிடைத்ததே இல்லை. புத்தகத்தின் முதுகில் ஒட்டும் எண்ணைப் பார்த்தே அது என்ன பொருள், யார் எழுதியது, எத்தனையாவது பதிப்பு என்று சொல்லிவிடலாம் அல்லவா? வண்டியும் அப்படித்தான். ஒவ்வொரு கம்பெனிக்கும் ஒரு முறை. ஒருவர் வழக்கத்தை மற்றவருக்குப் பொருத்தக் கூடாது என்று பட்டியலின் தலைப்பிலேயே எச்சரிக்கை இருந்தது. நம் கையேட்டில் இருந்த குறியீடு கே.டி.27.எல்–5.எம்.4. முதலில் நிற்கும் 'கே' இஞ்சின் எந்தக் குடும்பத்தைச் சேர்ந்தது என்பதைச் சொல்கிறது. அடுத்த 'டி' அது குடிக்கும் எண்ணெய்: டீசல். '27' என்பதை இருபத்தேழு என்று படிக்கக் கூடாது. இரண்டு தனி, ஏழு தனி. இரண்டு என்பது அடிச்சட்டத்தின் வகை, ஏழு என்பது அதில் எத்தனையாவது திருத்தம் என்பது. 'எல்' என்றால் ஸ்டியரிங் இடப்பக்கம். குறுக்குக்கோட்டுக்குப் பின்னால் உள்ள '5' கதவுகள். 'எம்' கையால் போடும் கியர், கடைசியில் உள்ள '4' கியர்களின் எண்ணிக்கை. எட்டு அட்டைகள், எட்டு விடைகள். எல்லாவற்றையும் வரிசையாக அடுக்கிவிட்டு, நிமிர்ந்து, மேசைக்கு எதிரே ஜன்னல் வழியாக வெளியே நின்ற வண்டியைப் பார்த்தேன்.

ஸ்டியரிங் வலப்பக்கம் இருந்தது.

மறுநாள் காலையில் கதவுகளை எண்ணினேன். நான்கு. இடமிருந்து வலமாக எண்ணினேன், வலமிருந்து இடமாகவும் எண்ணினேன். ஐந்தாவது எங்காவது மடங்கி இருக்குமோ என்று அடியிலும் குனிந்து பார்த்தேன். தங்கள் தங்கை காப்பியோடு வந்து நின்று, "என்ன, வண்டிக்கு அளவெடுத்துச் சட்டை தைக்கப் போறீங்களா?" என்றாள். கியர்க் கம்பியின் குமிழில் ஐந்து வரை எண் போட்டிருந்தது. மகளிடம், ஒன்றும் தெரியாதவன் போல, "வண்டிக்கு இதுவரைக்கும் என்னம்மா ஊத்துறே?" என்று கேட்டேன். "பெட்ரோல்தாம்பா. பின்ன பாலா ஊத்துவாங்க?" என்றாள்.

அந்த இடத்தில்தான் மைத்துனரே, என் புத்தி கெட்டது. குறியீடு பொய் சொல்லாது என்று நம்புகிறவன் நான். குறியீடு சரி, வண்டி வேறு என்றால், வண்டியை யாரோ மாற்றியிருக்கிறார்கள். விபத்தில் நசுங்கிய இரண்டு வண்டிகளில் நல்ல பாதிகளை வெட்டி ஒட்டி ஒரே வண்டியாக விற்பார்கள் என்று எப்போதோ பத்திரிகையில் படித்தது நினைவுக்கு வந்தது. முன்பாதி ஒரு வண்டி, பின்பாதி இன்னொரு வண்டி. என் மகள் அந்த ஒட்டின் மேல் உட்கார்ந்து வாரம் மூன்று நாள் நெடுஞ்சாலையில் எண்பதில் போகிறாள். கொடுத்தவர் தாங்கள். தங்களுக்கு இது தெரிந்திருக்குமா? தெரியாமல் இருக்குமா? ஆறு வருடம் ஓட்டியவருக்குத் தெரியாமலா "கல்லு மாதிரி" என்று சொல்லியிருப்பார்? இவையெல்லாம் என் கேள்விகள். ஒவ்வொன்றுக்கும் ஓர் அட்டை போட்டேன். அந்த அட்டைகளைக் கிழித்துவிட்டேன். இந்த வரி எழுதுவதற்கு முன்னால்தான் கிழித்தேன்.

யாரிடம் சொல்வது? மகளிடம் சொன்னால் அவள் அம்மாவிடம் சொல்வாள். அம்மாவுக்குத் தெரிந்தால் அண்ணன் தங்கை உறவு என்ன ஆவது? அதற்கும் மேலே, நான் பிரித்தது தப்பாக இருந்தால்? என் வாழ்நாளில் நான் யாரையும் குற்றம் சொன்னதில்லை. ஆரம்பிக்கும்போதே தங்களிடமா ஆரம்பிப்பது? தங்களுக்கு நான்கு கடிதங்கள் எழுதினேன். நான்கிலும் மிகக் கடுமையான வாக்கியம், "தங்கள் கவனத்துக்கு வராமல் வண்டியின் நீளத்தில் ஏதேனும் மாறுதல் நிகழ்ந்திருக்க வாய்ப்பு உண்டா என அறிய விழைகிறேன்" என்பதுதான். அதையும் அடித்துவிட்டேன்.

அந்த வாரம் மூன்று நாளும் அவள் போய்வந்தாள். மூன்று நாளும் அவள் திரும்பும் வரை நான் கேட்டருகே செடிக்குத் தண்ணீர் ஊற்றினேன். அதிகமாக ஊற்றி ஒரு செடி அழுகிவிட்டது. மூன்றாம் நாள் சாவியை உப்பு ஜாடிக்குள் ஒளித்தேன். அவள் சாதாரணமாக இன்னொரு சாவியை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். குழம்பில் சாவி வந்தது எனக்குத்தான். "இந்த வயசுல உங்களுக்கு இது வேறயா?" என்று கேட்டாள் தங்கள் தங்கை.

நேற்று திங்கட்கிழமை. காலை பத்து மணிக்கு அவளுக்கு அதே ஆஸ்பத்திரியில் நிரந்தர வேலைக்கு நேர்காணல். இடம் ஒன்று, வந்திருப்பவர்கள் ஒன்பது பேர். இரண்டு வருடமாக அந்த ஒரு நாளுக்காகத்தான் அவள் ஓடியது. போகாதே என்று எப்படிச் சொல்வேன்? போ என்றுதான் எப்படிச் சொல்வேன்? பஸ்ஸில் போகட்டும் என்று முடிவு செய்து, காலை ஆறரை மணிக்கு எழுந்து, பின் டயரில் காற்றை இறக்க உட்கார்ந்தேன். தீக்குச்சியால் வால்வை அழுத்தினால் காற்று இறங்கும் என்று கையேட்டில் இல்லை, யாரோ சொன்னது. ஒவ்வொரு குச்சியாக முறிந்தது. அரை மணி நேரத்தில் அரை டயர்தான் இறங்கியது. அதற்குள் அவள் குளித்துவிட்டு வந்து நின்றாள். "அப்பா, என்ன பண்றீங்க?" "டயர் கொஞ்சம் இறங்கின மாதிரி இருந்தது, பாத்துட்டிருந்தேன்" என்றேன். அதில் பொய் எதுவும் இல்லை. டிக்கியிலிருந்து பம்பை எடுத்து நான்கே நிமிடத்தில் காற்றடித்துவிட்டாள். தாங்கள் வாங்கி வைத்திருந்த பம்ப். நல்ல பம்ப்.

வேறு வழி தெரியாமல், "நானும் வர்றேம்மா" என்றேன். பின்சீட்டில்தான் உட்கார்வேன் என்றும் சொன்னேன். ஒட்டு இருந்தால் முன்சீட்டுக்கும் பின்சீட்டுக்கும் நடுவில்தான் இருக்க வேண்டும் என்பது என் கணக்கு. இடது காலை முன்பாதியிலும் வலது காலைப் பின்பாதியிலும் வைத்துக்கொண்டேன். இரண்டு காலுக்கும் நடுவே இடைவெளி கூடினால் உடனே தெரிந்துவிடும் அல்லவா? "கால நீட்டி உக்காருங்கப்பா, ஏன் ஏணில ஏறுற மாதிரி உக்காந்திருக்கீங்க?" என்றாள் கண்ணாடியில் பார்த்து. "இதுதான் வசதி" என்றேன். நாற்பதில் போகச் சொன்னேன். "சைக்கிள்காரர் நம்மள முந்திட்டுப் போறார்ப்பா" என்றாள். இருபது கிலோமீட்டர் வரை எனக்கு மூச்சு இருந்ததா என்று தெரியவில்லை. அப்போது ஒரு வேகத்தடையில் வண்டி ஏறி இறங்கியது. எனக்குப் பின்னால் 'படார்' என்று ஒரு சத்தம்.

"நிறுத்து!"

மைத்துனரே, அந்தக் குரல் என்னுடையது. எங்கிருந்து வந்தது என்று இன்னும் தெரியவில்லை. சாலையோரம் கட்டியிருந்த மாடு எழுந்து நின்றது. எதிரே வந்த லாரிகூட வேகம் குறைத்தது. மகள் வண்டியை ஓரங்கட்டி நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தாள். விழுந்தது என் குடை. பின்சீட்டுக்குப் பின்னால் உள்ள தட்டில் வைத்திருந்தேன். அதற்குமேல் என்னால் முடியவில்லை. குறியீடு, எல், ஐந்தாவது கதவு, இரண்டு பாதி, எல்லாவற்றையும் அங்கேயே சொல்லிவிட்டேன். சொல்லும்போது அழுதேன் என்று அவள் சொல்கிறாள், எனக்கு ஞாபகமில்லை. அவள் கோபிக்கவில்லை. மணியைப் பார்த்தாள். எட்டு நாற்பது. "மாமாவயா சந்தேகப்பட்டீங்க? சரி, வாங்க. வண்டிய வழக்கமாப் பாக்கிற டாக்டர் கடை வழியிலதான் இருக்கு. பத்து நிமிஷம். ஒட்டு இருந்தா பஸ், இல்லன்னா வண்டி. அழாதீங்க முதல்ல" என்றாள்.

டாக்டர் என்பது மெக்கானிக்கின் பட்டப்பெயர். இஞ்சினைத் தொடும் முன் அதன் மேல் காதை வைத்துக் கேட்பாராம். நான் என் எட்டு அட்டைகளையும் கையேட்டையும் அவர் முன் வைத்தேன். அட்டைகளை ஒவ்வொன்றாகப் படித்தார். "யார் பிரிச்சது?" நான்தான் என்று சொல்லத் தயங்கினேன். "ஒரு எழுத்துகூடத் தப்பில்லையே. இருபது வருஷமா இந்தத் தொழில்ல இருக்கிறவனுக்கே அந்த ஏழு தனி, ரெண்டு தனிங்கிறது தெரியாது" என்றார். அந்த நிலைமையிலும் எனக்கு உள்ளே சிறிது குளிர்ந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன். "அஞ்சாவது கதவு எங்கேன்னுதான் தெரியல" என்றேன். "டிக்கி மேல பாத்துத் தொறக்குற வண்டில அதையும் கதவுன்னு கணக்கு வெச்சுக்குவான். இது அந்த வண்டி இல்லையே. இந்தக் கோடுள்ள வண்டி டீசல், இடது கை ஓட்டு. அதை வலது கை ஸ்டியரிங்கோட எங்கயாவது பாத்தீங்கன்னா ஐயா, வெட்டி ஒட்டினதுதான், சந்தேகமே வேணாம்" என்றார். நான் அட்டைகளைத் திரும்ப அடுக்க ஆரம்பித்தேன். "சரி, வண்டியில என்ன கோடு போட்டிருக்கான்?" என்று கேட்டார்.

"இதோ, கையேட்டுல."

"கையேட்டுல இல்ல ஐயா. வண்டியில."

நான் விழித்தேன். அவர் பானட்டைத் தூக்கினார். உள்ளே இடப்பக்கச் சுவரில் ஒரு சின்ன உலோகத் தகடு, கிரீஸ் அப்பியிருந்தது. துணியால் துடைத்தார். மகள் படித்தாள்: கே.பி.26.ஆர்–4.எம்.5. எனக்கு அட்டை தேவைப்படவில்லை. பெட்ரோல். ஆறாவது திருத்தம். வலப்பக்கம். நான்கு கதவு. ஐந்து கியர். எல்லாமே கண்முன்னால் நின்ற வண்டி. டாக்டர் அடியிலும் படுத்துப் பார்த்துவிட்டு, "ஒரு ஒட்டு இல்ல, ஒரு வெட்டு இல்ல, பொறந்தப்ப எப்படியோ அப்படியே இருக்கு. வேற ஏதோ வண்டியோட கையேடு இதுக்குள்ள இருக்கு, அவ்வளவுதான். ஏன் ஐயா, வண்டி வாசல்ல நிக்குது, நீங்க புஸ்தகத்தப் பாத்தீங்களா?" என்றார். "எங்கப்பா முப்பத்தெட்டு வருஷமா அப்படித்தான் பாத்தாரு" என்றாள் மகள்.

உண்மை. ஒரு முறை பைண்டிங்கில் அட்டை மாறி, வெளியே கோழி வளர்ப்பு என்றும் உள்ளே வானியலாகவும் ஒரு புத்தகம் வந்தது. நான் அட்டையை மட்டும் பார்த்து எண் போட்டேன். அது பதினோரு வருடம் கோழிகளோடு இருந்தது. அதிலிருந்தும் நான் கற்றுக்கொள்ளவில்லை.

அந்தப் பட்டறையில், ஒரு பழைய டயரின் மேல் உட்கார்ந்து, டாக்டர் கொடுத்த டீயைக் குடித்தேன். ஒன்பது நாளில் நாக்கில் ருசி தெரிந்த முதல் டீ அதுதான். மீதி இருபது கிலோமீட்டரும் முன்சீட்டில், காலை நீட்டி உட்கார்ந்து போனேன். எண்பதில் போனாள். "இன்னும் கொஞ்சம் வேகமாப் போம்மா" என்று நான் சொன்னதாகச் சொல்கிறாள். ஒன்பது நாற்பதுக்கு உள்ளே போனாள். மாலை நான்கு மணிக்கு வெளியே வந்தபோது கையில் கடிதம் இருந்தது. நிரந்தரம். வண்டியின் பானட்டை ஒரு முறை தட்டிக் கொடுத்தேன். தங்கள் தோளைத் தட்டியதாக எடுத்துக்கொள்ள வேண்டுகிறேன்.

திரும்பும் வழியில் டாக்டரே சரியான கண்ணாடியை வரவழைத்துப் பொருத்திவிட்டார். சிக்கென்று உட்கார்ந்தது. தங்களைப் பற்றி நினைத்த ஒவ்வொன்றையும் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். தங்கள் வண்டி கல்லைப் போன்றது, தங்கள் சொல்லும் அப்படியே. இனி இந்த வீட்டில் எந்தக் காகிதத்தை நம்பியும் எந்த மனிதரையும் சந்தேகிப்பதில்லை என்று தங்கள் தங்கையிடம் சொல்லியிருக்கிறேன். சாவி விஷயம் மட்டும் இன்னும் முடியவில்லை.

சகோதரியாருக்கு எங்கள் மூவரின் வணக்கம். தாங்கள் இருவரும் நீண்ட ஆயுளோடும் நிம்மதியோடும் இருக்க வேண்டும் என்பது என் மனமார்ந்த வேண்டுதல். எந்தக் கவலையும் இல்லாமல் இதை முடிக்கிறேன்.

தங்கள் தங்கையின் கணவன்.

பின்குறிப்பு: உறை ஒட்டும் முன் தங்கள் தங்கை இதை வாங்கிப் படித்தாள். "அப்ப அந்தக் கையேடு யாருது?" என்று கேட்டாள். நான் அதை யோசிக்கவில்லை. "எங்கண்ணன் ரெண்டு வண்டியையும் ஒண்ணா நிறுத்தி டிராயரெல்லாம் காலி பண்ணி அடுக்கினாரே, அப்ப மாறிப் போயிருக்கும். இது அவரோட புது வண்டிப் புஸ்தகம்" என்றாள். இருக்கலாம். அன்று தாங்கள் புது வண்டியிலிருந்து பெட்டியை எடுத்தபோது பின்பக்கம் மேல்நோக்கித் திறந்தது எனக்கு நினைவிருக்கிறது. அது கதவு என்று அன்று எனக்குத் தெரியாது. இஞ்சின் கடகடவென்று சத்தம் போட்டது. "டீசல்னா டீசல்தான் மாப்ளே" என்றீர்கள். ஆனால் தாங்கள் உட்கார்ந்து ஓட்டி வந்தது வலப்பக்கம். நான் யாரையும் சந்தேகிக்கவில்லை. மேலே எழுதியது எழுதியதுதான். இருந்தாலும் பானட்டைத் தூக்கி, இடப்பக்கச் சுவரில் உள்ள தகட்டைத் துடைத்து, அதில் உள்ளதை ஓர் எழுத்துவிடாமல் எனக்கு எழுதி அனுப்புங்கள். இல்லை, எழுத வேண்டாம், தொலைபேசியில் கூப்பிடுங்கள். நான் இன்றிலிருந்தே அதன் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பேன். அதுவரை வண்டியை எடுக்காமல் இருப்பது நல்லது. எடுத்தே தீர வேண்டுமானால், சகோதரியாரும் தாங்களும் தயவுசெய்து ஒரே பாதியில் உட்காருங்கள்.